கடன்பட்ட வீடுகளைத் தேடி வரும் பேய்கள்: ஜோகோ அன்வரின் திகில் திரைக்கதைகள்

இந்தோனேசியத் திகில் படங்களைப் பார்க்கத் தொடங்கும் நண்பர்கள் என்னிடம் முதலில் கேட்பது, எந்தப் படம் அதிகமாகப் பயமுறுத்தும் என்பதைத்தான். யார் எழுதிய படம் என்று பார்த்துத் தேர்ந்தெடுங்கள் என்பதே நான் எப்போதும் சொல்லும் பதில். அந்நாட்டில் ஆண்டுதோறும் வெளியாகும் திகில் படங்கள் ஏராளம். அவற்றில் பெரும்பாலானவை வெள்ளை உடை, கலைந்த கூந்தல், திடீரென்று உயரும் இசை ஆகியவற்றை நம்பியே ஓடுகின்றன. அந்தக் கூட்டத்தில் எழுத்தின் பலத்தால் தனித்து நிற்பவர் ஜோகோ அன்வர். அவர் இயக்குநரும்கூட, உலக விழாக்களில் அவர் பெயர் அறியப்பட்டது இயக்குநராகத்தான். ஆயினும் அவர் எழுதிய படங்களையும் தொடரையும் காலவரிசைப்படி அண்மையில் மீண்டும் பார்த்து முடித்தபோது, காட்சியமைப்பை விடவும் திரைக்கதையே அவருடைய உண்மையான மூலதனம் என்று எனக்குத் தோன்றியது. ஆகவே இந்த மதிப்பீட்டில் எழுத்தை மட்டுமே முதன்மையாக எடுத்துக்கொள்கிறேன். கதையின் முடிச்சுகள் எதையும் அவிழ்க்காமல் எழுத முயன்றிருக்கிறேன்.

முதலில் என் முடிவையே சொல்லிவிடுகிறேன். ஜோகோ அன்வர் எழுதும் வீடுகளில் பேய் நுழைவதற்கு முன்பே பணம் தீர்ந்துபோயிருக்கிறது. மருத்துவச் செலவு, அடகில் இருக்கும் வீடு, வியாபாரம் ஆகாத கடை, வாடகைக்கு வழியில்லாத குடும்பம் என்று ஏதோ ஒரு நெருக்கடி கதையின் முதல் பத்து நிமிடங்களிலேயே நிலைநாட்டப்பட்டுவிடுகிறது. அந்த நெருக்கடிதான் மனிதர்களை வெளியேற முடியாத இடத்தில் கட்டிவைக்கிறது. பேய் வீட்டை விட்டு ஏன் ஓடிவிடக் கூடாது என்று திகில் படம் பார்க்கும் எவருக்கும் எழும் பழைய கேள்விக்கு, ஓடிப்போய் எங்கே தங்குவது என்று அவர் திருப்பிக் கேட்கிறார். இந்த ஒரு பிடிப்பை அவர் விடாத வரையில் அவருடைய திரைக்கதைகள் அசைக்க முடியாதவையாக இருக்கின்றன. அதை விட்டுவிட்டுப் பெரிய இரகசிய உலகங்களையும் அடுத்தடுத்த பாகங்களையும் நோக்கி அவர் நகரும்போது எழுத்து தளர்கிறது.

அவர் பின்னணியைச் சுருக்கமாகச் சொல்ல வேண்டும். 1976ஆம் ஆண்டு சுமத்ராவின் மேடான் நகரில் பிறந்தவர். (புகையிலைத் தோட்டங்களின் காலத்திலிருந்தே தமிழர் குடியேறி வாழ்ந்த, மாரியம்மன் கோயில் ஒன்று இன்றும் நகர நடுவில் நிற்கும் அதே மேடான்.) பாண்டுங் தொழில்நுட்பக் கழகத்தில் விண்வெளிப் பொறியியல் படித்துவிட்டு, ‘ஜகார்த்தா போஸ்ட்’ நாளிதழில் செய்தியாளராகவும் திரை விமர்சகராகவும் பணியாற்றினார். அந்தப் பணியில் இருந்தபோது பேட்டி காணச் சென்ற இயக்குநர் நியா டினாட்டாவே அவரைத் தம்மோடு சேர்ந்து எழுத அழைத்தார். அப்படி உருவானதுதான் 2003இல் வெளியான ‘அரிசான்!’. அரிசான் என்பது ஏறக்குறைய நம் ஊர்ப் பெண்கள் பிடிக்கும் குலுக்கல் சீட்டு. அது திகில் படமன்று, ஜகார்த்தாவின் மேல்தட்டு மக்களைப் பற்றிய நகைச்சுவை நாடகம். ஆனால் சீட்டுப் பணத்தைச் சுற்றி அமர்ந்திருக்கும் மனிதர்கள் ஒருவரிடமிருந்து மற்றவர் எவற்றையெல்லாம் மறைக்கிறார்கள் என்பதே அதன் கதை என்பதைக் கவனித்தால், பின்னாளில் அவர் எழுதப்போகும் குடும்ப இரகசியங்களுக்கு அது எவ்வளவு பொருத்தமான தொடக்கம் என்பது புரியும்.

அடுத்த சில ஆண்டுகளில் அவர் எழுதியவற்றில் திகில் ஆர்வலர்கள் பார்க்க வேண்டியவை மூன்று. முதலாவது 2007இல் வந்த ‘காலா’. நாம் காலம் என்று வழங்கும் அதே சொல்தான் அது. பெயர் குறிப்பிடப்படாத ஒரு நாட்டில், திருட்டுப் பழி சுமத்தப்பட்டவர்களைக் கும்பல் ஒன்று உயிரோடு எரித்ததைத் தொடர்ந்து, திடீரெனத் தூங்கிவிடும் நோயுள்ள செய்தியாளர் ஒருவரும் காவல்துறை அதிகாரி ஒருவரும் உண்மையைத் தேடுகிறார்கள். நிழலும் மழையும் தொப்பியுமாக அழகாக இருக்கிறது. ஆனால் புதையல், பழைய தீர்க்கதரிசனம், சாபம் என்று பலவற்றை ஒரே பையில் திணித்ததால் கடைசி அரை மணி நேரத்தில் பை கிழிந்துவிடுகிறது. இரண்டாவது, சேகர் ஆயு அஸ்மாராவின் நாவலைத் தழுவி 2009இல் எடுக்கப்பட்ட ‘பிந்து தெர்லாராங்’, அதாவது விலக்கப்பட்ட கதவு. கருவுற்ற பெண்களின் சிலைகளைச் செய்து புகழும் பணமும் ஈட்டும் சிற்பி ஒருவனின் வெற்றிக்குப் பின்னால் இருக்கும் அருவருப்பான இரகசியத்தில் தொடங்கும் இப்படத்தின் நடுப்பகுதி உறைய வைக்கிறது. தென் கொரியாவின் புச்சோன் திரைப்பட விழாவில் முதன்மைப் பரிசு பெற்ற இப்படத்தின் முடிவைப் பலர் புகழ்ந்தாலும், முன்பு கண்டவற்றையெல்லாம் புரட்டிப்போடும் அந்தத் திருப்பம் கதாபாத்திரங்களின் மேல் நமக்கிருந்த பரிவையும் சேர்த்துத் துடைத்துவிடுகிறது என்பது என் கருத்து.

மூன்றாவதுதான் இந்தக் காலகட்டத்தின் மிகச் சிறந்த எழுத்து. 2008இல் மவுலி சூர்யா இயக்கிய முதல் படமான ‘ஃபிக்சி’, அதாவது புனைவு, அவரும் ஜோகோ அன்வரும் சேர்ந்து எழுதியது. செல்வச் செழிப்பான வீட்டில் தனிமையில் வளர்ந்த இளம்பெண் ஒருத்தி, அடுக்குமாடிக் குடியிருப்பில் வாழும் எழுத்தாளன் ஒருவனைப் பின்தொடர்ந்து அங்கேயே குடிவருகிறாள். அவன் தன் அண்டை வீட்டாரைப் பற்றிக் கதைகள் எழுதிக்கொண்டிருக்கிறான். எந்தக் கதைக்கும் முடிவு எழுத அவனால் முடியவில்லை. அந்த முடிவுகளை அவள் எழுதத் தொடங்குகிறாள், ஆனால் தாளில் அல்ல. பேயும் பிசாசும் இல்லாத இந்தப் படம் எனக்குக் கொடுத்த நடுக்கத்தைப் பின்னர் வந்த பெரிய படங்கள் சிலவற்றால்கூடக் கொடுக்க முடியவில்லை. காரணம், ஒவ்வொரு கொடுமைக்கும் முன்பு அந்தந்த வீட்டின் வறுமையும் ஏக்கமும் நமக்கு நிதானமாக அறிமுகப்படுத்தப்படுகின்றன. அண்டை வீட்டார் எவரும் பலியாவதற்காக மட்டும் எழுதப்படவில்லை. இந்தோனேசியத் திரைப்பட விழாவில் அவ்வாண்டின் சிறந்த படத்துக்கும் சிறந்த அசல் திரைக்கதைக்கும் வழங்கப்பட்ட சித்ரா விருதுகள் இதற்குக் கிடைத்தன. இத்தகைய ஒரு படத்துக்கு அது சிறிய செய்தியன்று.

இனி 2017க்கு வருகிறேன், ஏனெனில் ஜோகோ அன்வரின் பெயர் நாடு முழுவதும் வீடுதோறும் அறிமுகமானது அவ்வாண்டில் வெளியான ‘பெங்காப்டி செத்தான்’ படத்தால்தான். சைத்தானின் தொண்டர்கள் என்பது தலைப்பின் பொருள். சிசுவோரோ கௌதமா புத்ரா 1980இல் இயக்கிய அதே பெயருடைய படத்தின் மறு ஆக்கம் இது. இந்தோனேசியாவில் மட்டும் 40 இலட்சத்துக்கு மேற்பட்டவர்கள் திரையரங்கில் பார்த்த இப்படம், சித்ரா விருதுகளில் 7ஐ வென்றது. பழைய படத்தை முதலில் பார்த்துவிட்டு இதைப் பார்த்தால், திரைக்கதை எழுதுவது என்றால் என்ன என்பதற்கு ஒரு பாடமே கிடைக்கும். பழையதில் குடும்பம் வசதியானது. இறைவனை மறந்து வாழ்ந்ததே அவர்கள் செய்த பிழை. மார்க்க அறிஞர் வந்து ஓதியதும் தீமை அழிகிறது. பேய்ப் படத்தின் இறுதியில் மதகுரு வென்றே ஆக வேண்டும் என்பது அக்கால இந்தோனேசியத் திகில் படங்களின் எழுதப்படாத விதி.

ஜோகோ அன்வர் இந்த மூன்றையும் ஒவ்வொன்றாகத் திருப்பிப் போடுகிறார். கதை 1981இல் நடக்கிறது. தாய் ஒரு காலத்தில் பாடகி. மூன்று ஆண்டுகளுக்கும் மேலாக நோய்ப் படுக்கையில் கிடக்கிறாள். அவளுடைய பாட்டுக்கான உரிமத் தொகை ஏதேனும் மீதமிருக்கிறதா என்று கேட்டு மூத்த மகள் ரினி இசைத்தட்டு நிறுவனத்தின் படியேறி வெறுங்கையோடு திரும்பும் காட்சியில்தான் படம் தொடங்குகிறது. வீடு அடகில் இருக்கிறது. ரினியின் படிப்பு நின்றுவிட்டது. கூப்பிடக் குரல் வராத தாய், எதற்கும் கட்டிலருகே இருக்கும் சிறு மணியை அசைக்கிறாள். அந்த மணியோசை கேட்டால் யாராவது எழுந்து மாடிக்குப் போக வேண்டும். நெடுநாள் நோயாளியை வீட்டில் வைத்துப் பார்த்தவர்களுக்கு அந்த மணியின் பொருள் உடனே புரியும். நள்ளிரவில் அது ஒலிக்கும்போது எழும் பாசம், சலிப்பு, சலிப்படைந்ததால் எழும் குற்றவுணர்வு ஆகிய மூன்றையும் தாய் உயிரோடிருக்கும்போதே எழுத்தாளர் நமக்குள் ஏற்றிவைத்துவிடுகிறார். ஆகவே அவள் இறந்த பிறகு அதே மணி ஒலிக்கும்போது நாம் பயப்படுவது ஓசைக்காக அல்ல. அந்தப் பிள்ளைகளின் மனத்தில் ஏற்கெனவே இருந்த ஒன்று வெளியே வந்து நிற்கிறது என்பதற்காக.

மார்க்க அறிஞரின் பாத்திரமும் அப்படியே. இங்கே வரும் உஸ்தாத் நல்லவர், பரிவுள்ளவர், அக்கம்பக்கத்தில் இருப்பவர். ஆனால் அவரும் தம் இழப்புகளைத் தாங்கும் ஒரு தகப்பன்தான். அவரை எழுத்தாளர் இழிவுபடுத்தவே இல்லை. அவரால் இயலாததை மட்டும் இயலாததாகக் காட்டுகிறார். 37 ஆண்டுகளாக நிலைத்த ஒரு மரபை இவ்வளவு மென்மையாக, எவர் மனத்தையும் புண்படுத்தாமல் முறித்த துணிவை நான் மிகவும் மதிக்கிறேன். இன்னொரு நுட்பமும் சொல்லத் தக்கது. இத்தகைய படங்களில் எல்லாவற்றையும் தெரிந்த ஒருவர் நடுவில் தோன்றி விளக்கம் சொல்வது வழக்கம். அந்த இடத்தில் கதை படுத்துவிடும். இங்கே அந்த வேலையைப் பாட்டியின் பழைய நண்பரான பத்திரிகை எழுத்தாளர் செய்கிறார். ஆனால் அவர் சொன்ன விளக்கமே தவறு என்று பின்னர் அவருக்குத் தெரியவருகிறது. அந்தத் திருத்தம் வீட்டுக்கு வந்து சேருமா என்பதே படத்தின் பிற்பாதிக்கு விசையாக மாறுகிறது. பத்து நிமிடச் சொற்பொழிவாகப் போயிருக்க வேண்டியது ஓட்டப்பந்தயமாகிறது. நாளிதழில் பணியாற்றிய ஒருவருக்குத்தான், அச்சேறிவிட்ட ஒரு பிழையின் பயங்கரம் இவ்வளவு நன்றாகத் தெரிந்திருக்கும்.

குறை இல்லாமல் இல்லை. கடைசிச் சில நிமிடங்கள் அடுத்த பாகத்துக்கான விதையாகவே எழுதப்பட்டிருக்கின்றன. துயரத்தோடு முடிந்திருக்க வேண்டிய குடும்பக் கதையின் வாசலில் விளம்பரப் பலகை வைத்தாற்போல் அது எனக்குப் பட்டது.

2019இல் அவர் எழுத்தில் இரண்டு திகில் படங்கள் வெளியாயின. அவற்றில் ‘ராத்து இல்மு ஹித்தாம்’, அதாவது மாந்திரீக அரசி, அவர் எழுதிக் கொடுக்க கிமோ ஸ்தம்போல் இயக்கியது. 1981இல் இந்தோனேசியத் திகில் அரசி எனப் போற்றப்படும் சுசன்னா நடித்த படத்தின் பெயரையும் சாரத்தையும் எடுத்துக்கொண்டு முற்றிலும் புதிய கதை சொல்கிறது. அனாதை இல்லத்தில் ஒன்றாக வளர்ந்த மூவர், தங்களை வளர்த்த காப்பாளர் மரணப் படுக்கையில் இருப்பதாக அறிந்து குடும்பத்தோடு திரும்பிச் செல்கிறார்கள். அந்த இல்லத்தில் அன்று நடந்தது என்ன, அதில் தங்களுக்கிருந்த பங்கு என்ன என்பதை மூவரும் வெவ்வேறு விதமாக மறக்க முயன்றிருக்கிறார்கள். ஜோகோ அன்வரின் எழுத்து வேறொருவர் கையில் எப்படி மாறுகிறது என்பதை அறிய விரும்புவோருக்கு இது நல்ல எடுத்துக்காட்டு. ஸ்தம்போலுக்குப் பூச்சிகளும் கிழியும் தோலும் இரத்தமும் விருப்பமானவை. பூரான்களைக் கண்டாலே ஒவ்வாதவர்கள் இந்தப் படத்தின் பக்கமே போக வேண்டாம். எழுத்தில் இருந்த குற்றவுணர்வுக்குத் திரையில் மூச்சுவிட இடமில்லை. ஆயினும் பெரியவர்கள் மூடி மறைத்த குற்றத்துக்குப் பிள்ளைகள் விலை கொடுப்பது என்னும் அவருடைய நிலையான அக்கறை இங்கே அப்பட்டமாகத் தெரிகிறது.

அதே ஆண்டின் மற்றப் படமான ‘பெரம்புவான் தானா ஜஹானம்’ என் பார்வையில் அவருடைய உச்சம். நரக பூமியின் பெண் என்று தலைப்பை மொழிபெயர்க்கலாம். சுங்கச்சாவடியில் இரவுப் பணி செய்யும் மாயாவும் டினியும் எதிரெதிர் கூண்டுகளில் அமர்ந்தபடி தொலைபேசியில் அரட்டை அடித்துக்கொண்டிருக்கும்போது, ஒரு வண்டி மாயாவின் கூண்டருகே வந்து நிற்கிறது. அதன்பின் வரும் சில நிமிடங்கள் அண்மைக்காலத் திகில் படங்களில் மிகச் சிறந்த தொடக்கங்களுள் ஒன்று என்று தயக்கமின்றிச் சொல்வேன். அக்காட்சியின் வலிமை கத்தியில் இல்லை. இரண்டு தோழிகளின் சாதாரணப் பேச்சில் இருக்கிறது. சம்பளம், ஆண்கள், தூக்கம் என்று அவர்கள் பேசும் விதத்திலேயே இருவரையும் நமக்குப் பிடித்துப்போகிறது. பிறகு இருவரும் சந்தையில் துணிக்கடை வைக்கிறார்கள்; வாங்க ஆளில்லை. மாயாவிடம் இருக்கும் ஒரே சொத்து, சிறு வயதில் ஒரு பெரிய வீட்டின் முன் எடுத்த பழைய நிழற்படம். அந்த வீடு தனக்கு வந்து சேர வேண்டிய வாரிசுச் சொத்தாக இருக்கலாம் என்ற நம்பிக்கையில்தான் அவள் ஹர்ஜோசாரி என்னும் கிராமத்துக்குப் பேருந்து ஏறுகிறாள். சாகசத்துக்காகவோ ஆர்வத்துக்காகவோ காட்டுக்குள் போகும் இளைஞர்களைப் பார்த்துச் சலித்த எனக்கு, கடை வாடகைக்காகப் பேய் ஊருக்குப் போகும் இரண்டு பெண்கள் உறவினர்களைப் போலவே தெரிந்தார்கள்.

அந்த ஊரில் குழந்தைகளே இல்லை. கல்லறைகளில் பெரும்பாலானவை சிறியவை. ஊர்த் தலைவர் தோல்பாவைக் கூத்து நடத்தும் கலைஞர். ஜாவாவின் பாவைக் கூத்தில் திரையின் பின்னால் அமர்ந்து எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பவரை ‘தலாங்’ என்பார்கள். ஊரில் அவருக்கு இருக்கும் மதிப்பு பூசாரிக்கு இருப்பது போன்றது. இராமாயணமும் பாரதமும் ஆடும் அதே திரை, அதே விளக்கு. தோல் என்ற பொருளைக் கதையின் எல்லா அடுக்குகளிலும் இழைத்திருக்கும் விதம் வியக்க வைக்கிறது. பாவையின் தோல், பிறக்கும் குழந்தைகளைத் தாக்கும் சாபம், உறவுகள் போர்த்திக்கொள்ளும் பொய் ஆகியவை ஒன்றையொன்று தொட்டுக்கொண்டே போகின்றன. ஊர்த் தலைவரின் தாயாக வரும் மூத்த நடிகை கிறிஸ்டின் ஹக்கிம் அதிகம் பேசுவதில்லை. அவருக்கு எழுதப்பட்ட வசனங்களின் சிக்கனமே அச்சம் தருகிறது. அந்தப் பாத்திரத்துக்காக அவருக்குச் சித்ரா விருது கிடைத்தது. 2020இல் சிறந்த படம், சிறந்த இயக்கம் உட்பட 6 சித்ரா விருதுகளைப் பெற்ற இப்படம், அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டதோடு, ஆஸ்கர் விருதுக்கான இந்தோனேசியாவின் பரிந்துரையாகவும் அனுப்பப்பட்டது. திகில் படமொன்றை ஒரு நாடு தன் சார்பில் அனுப்பியது எனக்குத் தனிப்பட்ட மகிழ்ச்சி தந்த செய்தி.

ஆனால் இதிலும் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது, அதை மறைப்பது நேர்மையாகாது. ஊரின் சாபம் எப்படித் தொடங்கியது என்பதைக் கதையின் பிற்பகுதியில் ஒரு நீண்ட முன்கதைக் காட்சி மொத்தமாகக் கொட்டிவிடுகிறது. அதுவரை நிழற்படம், கல்லறை, கூத்து என்று துண்டு துண்டாகக் கண்டுபிடித்துவந்த நமக்கு, திடீரென ஒருவர் உட்காரவைத்து எல்லாவற்றையும் ஒப்பித்தாற்போல் ஆகிவிடுகிறது. ‘பெங்காப்டி செத்தான்’ எழுதியபோது இதே சிக்கலை அவ்வளவு திறமையாகக் கடந்த கை, இங்கே ஏன் அவசரப்பட்டது என்று எண்ணி வருந்தினேன்.

2022இல் வந்த ‘பெங்காப்டி செத்தான் 2’ 60 இலட்சத்துக்கு மேற்பட்ட பார்வையாளர்களைப் பெற்றது. இதே ஆண்டில் வேறொரு குழுவின் ‘கேகேஎன் டி தேசா பெனாரி’ ஒரு கோடியைத் தொட்டதையும் சேர்த்துப் பார்த்தால், கொரோனாவுக்குப் பின் இந்தோனேசியத் திரையரங்குகளை மீட்டெடுத்ததில் திகில் படங்களுக்கு இருந்த பங்கு விளங்கும். 1955ஆம் ஆண்டு பாண்டுங்கில் ஆசிய ஆப்பிரிக்க மாநாடு கூடும் தறுவாயில், லெம்பாங் மலையிலுள்ள போஸ்கா வானாய்வகத்தில் தொடங்குகிறது படம். பிறகு 1984க்கு வருகிறது. முதல் படத்துக் குடும்பம் இப்போது ஜகார்த்தாவின் வடக்கே, ஊரை விட்டு ஒதுங்கி நிற்கும் அடுக்குமாடிக் குடியிருப்பில் வாழ்கிறது. புயலும் வெள்ளமும் வருகின்றன. அதே நாளில் ஒரு மின்தூக்கி விபத்தும் நடக்கிறது. இறந்தவர்களை அடக்கம் செய்யக் கொண்டுபோக வழியில்லாததால், கஃபன் என்னும் சவத்துணி சுற்றிய உடல்கள் அந்தந்த வீடுகளிலேயே கிடத்தப்படுகின்றன, மின்சாரமும் போய்விடுகிறது. இந்த அமைப்பை எழுதியதற்கு மட்டுமே அவருக்கு ஒரு விருது தரலாம். கஃபன் முடிச்சு அவிழ்க்கப்படாத உடல் ‘போச்சோங்’ என்னும் பேயாக எழும் என்பது அந்நாட்டு மக்கள் குழந்தையிலிருந்தே கேட்டு வளரும் நம்பிக்கை. ஒவ்வொரு வாசலுக்குப் பின்னும் ஒரு போச்சோங் இருக்கக்கூடிய மாடிகளை, தீக்குச்சி வெளிச்சத்தில் கடக்க வைக்கிறார். பெட்ரூஸ் என்று அழைக்கப்பட்ட, அரசின் மறைமுக ஆதரவோடு குற்றவாளிகள் எனப்பட்டோர் விசாரணையின்றிச் சுட்டுக் கொல்லப்பட்ட எண்பதுகளின் இருண்ட காலம் பின்னணியில் உறுமிக்கொண்டே இருக்கிறது.

இவ்வளவு இருந்தும் படம் முடிந்தபோது எனக்கு நிறைவில்லை. கேள்விகளுக்கான விடைகள் எல்லாம் மூன்றாம் பாகத்துக்காகச் சேமித்துவைக்கப்பட்டிருக்கின்றன. முதல் படத்தில் ரினியின் குடும்பத்தை நமக்கு நெருக்கமாக்கிய அந்தச் சின்னச் சின்னச் செலவுக் கணக்குகள் இங்கே இல்லை. அவர்கள் ஓடுகிறார்கள், ஒளிகிறார்கள், கத்துகிறார்கள். மின்தூக்கிக் காட்சிக்கு முன்பு அதில் ஏறுபவர்களை அரைமணி நேரம் பொறுமையாக அறிமுகப்படுத்திய எழுத்தாளர், அவர்கள் போன பிறகு இருப்பவர்களைக் கைவிட்டுவிடுகிறார். பயமுறுத்தும் பொருளாக இதைப் பார்க்கலாம். குறை சொல்ல இடமிருக்காது. திரைக்கதையாக முதல் படத்தின் பாதி எடைதான்.

2024இல் வெளியான ‘சிக்சா குபுர்’ இவற்றிலிருந்து விலகி, அவர் நெடுநாளாகச் சுமந்துவந்த ஒரு கேள்வியை எடுத்துக்கொள்கிறது. 2012இல் அவர் எடுத்த குறும்படம் ஒன்றிலிருந்து வளர்ந்த கதை இது. தமிழ் முஸ்லிம்கள் கப்ரு வேதனை என்று சொல்வதுதான் தலைப்பு. இறந்தவரைக் கல்லறையில் முன்கர், நகீர் என்னும் வானவர்கள் விசாரிப்பார்கள் என்ற நம்பிக்கையைக் கேட்டு வளர்ந்தவர்களுக்குப் படத்தின் அடிநாதம் உடனே பிடிபடும். தற்கொலைத் தாக்குதலில் பெற்றோரை இழந்த சீதா என்னும் பெண், அந்தத் தாக்குதலுக்குத் தூண்டுகோலாக இருந்த கல்லறை வேதனை என்ற அச்சமே பொய் என்று நிறுவ உறுதிகொள்கிறாள். பெரும்பாவி ஒருவர் இறக்கும்போது அவரோடு கல்லறைக்குள் இறங்கி, அங்கே ஒன்றும் நடக்கவில்லை என்று உலகுக்குக் காட்ட வேண்டும் என்பது அவள் திட்டம். நம்பிக்கையை ஏளனம் செய்யாமலும், அதற்கு முன் கண்மூடிப் பணியாமலும் இப்படியொரு கதையைப் பெரும்பான்மை முஸ்லிம் நாட்டின் பெருநாள் காலத் திரையரங்குகளுக்கு எழுத மிகுந்த நிதானம் வேண்டும். முதல் ஒரு மணி நேரம் அந்த நிதானம் சிறிதும் குலையவில்லை. சிறுவர் விடுதியில் அண்ணன் அனுபவித்த கொடுமையைக் காட்டும் பகுதி, எதையும் வெளிப்படையாகக் காட்டாமலேயே நெஞ்சை அடைக்கிறது. கல்லறையை நெருங்கிய பிறகு காட்சிகள் கனவுபோல் ஒன்றுக்குள் ஒன்று நழுவி, சீதாவின் கேள்வியின் கூர்மை மங்கிவிடுகிறது.

அதே ஆண்டு ஜூன் மாதம் நெட்ஃபிளிக்ஸ் தளத்துக்காக அவர் உருவாக்கிய ‘நைட்மேர்ஸ் அண்ட் டேட்ரீம்ஸ்’ 7 பகுதிகள் கொண்டது. முன்பின் அவர் படம் எதையும் பார்த்திராதவர்களும் இங்கிருந்து தொடங்கலாம் என்று பலர் சொல்கிறார்கள், நான் உடன்படமாட்டேன். வயதான தாயை முதியோர் இல்லத்தில் சேர்த்துவிட்டு உறுத்தலோடு திரும்பும் டாக்சி ஓட்டுநர், செல்வம் கொண்டுவரும் அனாதைச் சிறுவனைத் தத்தெடுக்கும் வறிய தம்பதி, குடும்பத்தின் பசி தீர்க்க மனோவசியம் கற்கும் எலக்ட்ரீஷியன் என்று, தனித்தனிக் கதைகளின் கருக்கள் எல்லாம் அவருடைய பழைய வளமான மண்ணில் முளைத்தவையே. குறிப்பாக அந்த டாக்சி ஓட்டுநரின் கதை, பெற்றவளைப் பார்த்துக்கொள்ள நேரமும் பணமும் இல்லாத பிள்ளைகளின் மனத்தை நன்கு அறிந்து எழுதப்பட்டது. கடைசிப் பகுதியில் இவையனைத்தும் ஒரே அறிவியல் புனைவு இரகசியத்துக்குள் இழுக்கப்படுகின்றன. அந்த ஏழை வீடுகளின் துயரத்துக்கெல்லாம் வேற்றுலகக் காரணம் ஒன்று சொல்லப்பட்டதும், அத்துயரம் எனக்குச் சிறிதாகிவிட்டது. கதைகளைத் தனித்தனியாக விட்டிருந்தால் மிக நல்ல தொகுப்பாக இருந்திருக்கும்.

பார்க்கப்போகிறவர்களுக்குச் சில நடைமுறைக் குறிப்புகள். இவற்றுள் எதுவும் குழந்தைகளோடு அமர்ந்து பார்க்கக்கூடியதன்று. கருவுற்றிருப்பவர்களும் அண்மையில் குழந்தையை இழந்தவர்களும் ‘பெரம்புவான் தானா ஜஹானம்’, ‘பிந்து தெர்லாராங்’ ஆகிய இரண்டையும் தவிர்ப்பது நல்லது. ஆங்கில சப்டைட்டிலோடு பார்க்கும்போது இழக்கும் ஒன்றையும் சொல்ல வேண்டும். ‘இபு’ என்ற சொல்லால் தாயையும் அயல்வீட்டு மூத்த பெண்மணியையும் அழைப்பார்கள். ‘பாக்’ என்றால் அப்பாவும் ஆகும், ஐயாவும் ஆகும். யார் யாரை எப்படி அழைக்கிறார்கள் என்பதிலேயே ஜோகோ அன்வர் உறவின் நெருக்கத்தையும் விலகலையும் எழுதிவிடுகிறார். அம்மா, ஐயா என்ற சொற்களை அதே விதமாகப் பயன்படுத்தும் நமக்கு, காதைத் தீட்டிக்கொண்டு கேட்டால் சப்டைட்டிலில் வராத பாதி புரிந்துவிடும். நான் பார்த்த தளம் ஒன்றில் ஆங்கில ஒலிப்பதிவு தானாகவே தேர்வாகி, ‘பெங்காப்டி செத்தான்’ படத்தின் முதல் இருபது நிமிடங்களை உயிரற்ற குரல்களில் கேட்க நேர்ந்தது. இந்தோனேசிய மொழிக்கு மாற்றித் தொடக்கத்திலிருந்து மீண்டும் பார்த்தேன். ஒலி அமைப்பை முதலிலேயே சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

வரிசை கேட்பவர்களுக்கு என் பரிந்துரை இது: முதலில் 2017இன் ‘பெங்காப்டி செத்தான்’, ஒரு வாரம் இடைவெளி விட்டு ‘பெரம்புவான் தானா ஜஹானம்’, அதன்பின் ‘ஃபிக்சி’. இந்த மூன்றும் பிடித்திருந்தால் ‘சிக்சா குபுர்’ பாருங்கள். மற்றவற்றை நேரம் கிடைக்கும்போது பார்த்துக்கொள்ளலாம். முதல் படத்தை இரவில், விளக்கணைத்து, நல்ல காதொலிக் கருவியோடு பாருங்கள். அந்தச் சிறு மணியின் ஓசை எந்த அறையிலிருந்து வருகிறது என்பதைக்கூட ஒலியில் பிரித்து வைத்திருக்கிறார்கள்.